எண்ணெய் ஏறும் உயரம்

புது அகலை வாங்கியவுடன் ஏற்றக் கூடாது, தண்ணீரில் ஊறப்போட வேண்டும் என்று கார்த்திகைக்கு முன்பே திருநெல்வேலி ஆச்சிமார் சொல்லிவிடுவார்கள். காருக்குறிச்சிச் சூளையில் வெந்த மண்ணானாலும் அதில் கண்ணுக்குத் தெரியாத துளைகள் உண்டு. தண்ணீர் அவற்றை முதலில் அடைத்துக்கொண்டால் எண்ணெய் வீணாகாது. மண் எண்ணெயை உறிஞ்சுவதும் பஞ்சுத் திரி எண்ணெயை மேலே ஏற்றுவதும் ஒரே நுண்புழை விசையால்தான்.

அந்த விசைக்கு எல்லை உண்டு. நல்லெண்ணெய் தண்ணீரைவிடப் பல மடங்கு பிசுபிசுப்பானது. விளக்கெண்ணெய் நல்லெண்ணெயைப்போல ஏறக்குறைய பத்து மடங்கு. இவை திரியில் மெல்லத்தான் ஏறும். எண்ணெய் மட்டம் ஓரிரு விரல் இறங்கினாலே சுடர் வாடும். அகல் ஆழமில்லாமல் வாயகன்று இருப்பது இதனால்தான்: அகன்ற கிண்ணத்தில் எண்ணெய் குறைந்தாலும் மட்டம் சட்டென்று இறங்காது.

ஸ்காட்லாந்தின் மீனவர் வீடுகளில் தொங்கிய ‘க்ரூசி’ என்ற இரும்பு விளக்குக்கும் இதே சிக்கல். மீன் ஈரல் எண்ணெய். நம் பத்தமடைக் கோரையைப் போன்ற ஒரு செடியின் உள்நெட்டியே திரி. ஒன்றின்கீழ் ஒன்றாக இரண்டு இரும்புக் கிண்ணங்கள். எண்ணெய் குறையக் குறைய, மேல் கிண்ணத்தைப் பின்புறப் பல்வரிசையில் ஒரு பல் நகர்த்திச் சாய்ப்பார்கள். மிச்ச எண்ணெய் திரியின் பக்கம் கூடும். திரி வழியே ஒழுகுவதைக் கீழ்க் கிண்ணம் ஏந்திக்கொள்ளும். இரும்பு சுடரின் சூட்டைக் கடத்தி எண்ணெயை இளக்கியும் கொடுக்கும். குளிர் நாட்டில் அது பெரிய உதவி.

நம் தூண்டாமணி விளக்கு இதே சிக்கலை வேறு வழியில் தீர்த்தது. திரி எரியும் கிண்ணத்தில் மட்டம் இறங்கியதும் மேலே உள்ள எண்ணெய்க் கலத்துக்குள் காற்று புகும். அந்த அளவுக்கு எண்ணெய் கீழே இறங்கும். மட்டம் மாறாது, ஆளும் வேண்டாம். எனக்கு இதுதான் மேலான வேலையாகப் படுகிறது.

இரண்டையும் ஓரங்கட்டியது ஒரே எண்ணெய். 1850இல் கிளாஸ்கோக்காரர் ஜேம்ஸ் யங், நிலக்கரியிலிருந்து பாரஃபின் எண்ணெய் எடுக்கும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். அதற்குப் பின் பெட்ரோலியத்திலிருந்து வந்த மண்ணெண்ணெய் உலகெங்கும் பரவியது. அதன் பிசுபிசுப்பு நல்லெண்ணெயில் இருபதில் ஒரு பங்குகூட இல்லை. நீண்ட திரியிலும் விறுவிறுவென்று ஏறும். எனவே எண்ணெய் அடியிலும் சுடர் உயரத்திலும் இருக்க முடிந்தது. அரிக்கேனும் சிம்னி விளக்கும் தாமிரபரணிக் கரை ஊர்களுக்கு வந்தன. அகல் மாடத்துக்கும் பூஜைக்கும் ஒதுங்கியது.

வெளிச்சம் கூடியது, ஆபத்தும் கூடியது. நல்லெண்ணெயின் ஆவி தீப்பற்ற 200 டிகிரி செல்சியசுக்கு மேல் சூடு வேண்டும். மண்ணெண்ணெய்க்கு 40, 50 டிகிரியே போதும். கவிழ்ந்த அகல் பெரும்பாலும் தன் எண்ணெயிலேயே அணைந்துபோகும். கவிழ்ந்த சிம்னி விளக்கு பனையோலைக் கூரையைப் பிடித்துக்கொள்ளும். 1944இல் பாபநாசத்தில் தாமிரபரணித் தண்ணீரிலிருந்து மின்சாரம் எடுக்கத் தொடங்கினார்கள். ஆனால் ஓலைக் குடிசைகள் பலவற்றுக்குக் கம்பி வந்துசேரப் பல பத்தாண்டுகள் பிடித்தன. அதுவரை அங்கே பிள்ளைகள் படித்தது அந்தச் சிம்னி வெளிச்சத்தில்தான்.