தள்ளுபடியான மேல்முறையீட்டுக்கு மறுவாழ்வு

கீழ்நீதிமன்றத்தில் தோல்வியுற்ற குடியானவர் ஒருவர், தம் நிலத்தைக் காத்துக்கொள்ள ஜில்லா நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்திருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். விசாரணைக்குக் குறித்த நாளன்று அவர் ஏறிவந்த பஸ் நடுவழியில் பழுதாகி நின்றுவிடுகிறது. அவருடைய வக்கீலுக்கோ திடீரெனக் கடுங்காய்ச்சல். நீதிமன்றச் சேவகர் மும்முறை பெயர் சொல்லி அழைத்தும் பதில் இல்லை. ஆஜராகாமையால் மேல்முறையீடு தள்ளுபடி என்று உத்தரவாகிறது. பிற்பகலில் வந்து சேரும் குடியானவர், தம் கட்சியின் நியாயத்தை ஒருவரும் கேளாமலே நிலம் போய்விட்டதே என்று மனங்கலங்குகிறார். அவர் கதி அவ்வளவுதானா?

அன்று. அடைபட்ட கதவை மீண்டும் திறப்பதற்குச் சட்டமே ஒரு வழி வகுத்திருக்கிறது. ஆனால் அந்த வழியில் காலந்தாழ்த்தாமல் செல்லவேண்டும்.

முதலில், தள்ளுபடி செய்யும் அதிகாரம் ஏன் வேண்டும் என்பதைப் பார்ப்போம். வழக்கைத் தொடுத்தவரே வாராதிருந்தால் எதிர்க்கட்சியாரை எத்தனை முறை அலையவைப்பது? ஆகவே, 1908-ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டம், 41-ஆம் ஆணையின் 17-ஆம் விதியில் நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரத்தை அளிக்கிறது. எனினும் அதற்கு ஓர் எல்லையுண்டு. மேல்முறையீட்டாளர் வாராதபோது, வழக்கின் நியாய அநியாயத்தை ஆராய்ந்து அவருக்கு விரோதமாகத் தீர்ப்புக் கூறலாகாது. வாராமைக்காகத் தள்ளுபடி மட்டுமே செய்யலாம். 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் இதனை ஐயமறத் தெளிவாக்கிற்று. நியாயம் இன்னும் ஆராயப்படாமலே இருப்பதால்தான், அவ்வழக்கு மறுபடியும் உயிர்பெற இடமிருக்கிறது.

அவ்வாறு உயிர்ப்பிக்கும் வழியைக் கூறுவது 19-ஆம் விதி. தள்ளுபடி செய்த அதே நீதிமன்றத்தில் மனுச் செய்துகொள்ள வேண்டும். வரவொட்டாமல் தடுத்த தக்க காரணம் ஒன்று இருந்ததென்று மெய்ப்பித்துவிட்டால், நீதிமன்றம் மேல்முறையீட்டை மீண்டும் ஏற்றுக்கொண்டே தீரவேண்டும். எதிர்க்கட்சியாரின் வீண் அலைச்சலுக்கு ஈடாகச் செலவுத்தொகை கட்டுமாறு நிபந்தனை விதிக்கலாம்.

தக்க காரணம் எது? சட்டம் அதற்குப் பட்டியல் தரவில்லை. நோய், குடும்பத்தில் மரணம், வெள்ளத்தால் போக்குவரத்து நின்றமை, விசாரணைத் தேதியைத் தவறாக அறிந்தமை முதலியன நேர்மையானவையாயின் ஏற்கப்படக்கூடும். வெறும் அசட்டையும், வழக்கை இழுத்தடிக்கும் எண்ணமும் ஏற்கப்படா. காரணத்தைப் பிரமாணப் பத்திரத்தில் எழுதி, மருத்துவரின் சான்றிதழ் போன்ற ஆதாரங்களை இணைப்பது நலம்.

வக்கீல் வாராமற்போனால் கட்சிக்காரர் தண்டனை அடைவதா? 1981-ஆம் ஆண்டில் ரபீக் என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதனை ஆராய்ந்தது. வக்கீலை அமர்த்தி, கட்டணமும் கொடுத்து, தகவல்களையும் தெரிவித்துவிட்ட கிராமவாசி, அவ்வக்கீல் ஒவ்வொரு நாளும் ஆஜராகிறாரா என்று காவல் காத்துக்கொண்டிருக்க இயலாது என்பதே அதன் கருத்து. எனினும், விவரமறிந்த கட்சிக்காரர் எவரும் பழியை வக்கீல்மேல் போட்டுவிட்டுத் தப்பலாம் என்பது இதன் பொருளன்று என 1993-ஆம் ஆண்டில் அதே நீதிமன்றம் எச்சரித்தது.

இனி, காலக்கெடு. தள்ளுபடியான தேதியிலிருந்து 30 நாட்களுக்குள் மனுவைத் தாக்கல் செய்யவேண்டும் என்பது 1963-ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டத்தின் விதி. செய்தி நமக்கு எட்டிய நாளிலிருந்து என்றல்ல, தள்ளுபடியான நாளிலிருந்து என்பதை மறவாதிருத்தல் வேண்டும். கெடு கடந்துவிட்டால், தாமதத்தை மன்னிக்கும்படி அச்சட்டத்தின் 5-ஆம் பிரிவின்கீழ் வேறொரு மனுவும் வேண்டும். தாமதத்துக்குத் தனியே காரணம் காட்டவேண்டும்.

தாமதத்தில் வேறோர் ஆபத்தும் உண்டு. மேல்முறையீடு தள்ளுபடியானால், அதனைச் சார்ந்து நின்ற இடைக்காலத் தடையும் நீங்கும். எதிர்க்கட்சியார் தீர்ப்பை நிறைவேற்றி நிலத்தைக் கைப்பற்ற முற்படலாம். ஆகையால் தடை வேண்டுமென்றும் உடனே விண்ணப்பித்தல் அவசியம்.

மறு ஏற்பு மனுவை நீதிமன்றம் நிராகரித்தாலும் வழியுண்டு. அவ்வுத்தரவின்மீது மேல்முறையீடு செய்ய 43-ஆம் ஆணை இடமளிக்கிறது. எதிர்க்கட்சியாருக்கும் சட்டம் பாராமுகமாக இல்லை. தமக்கு முறைப்படி அறிவிப்பு வராமலோ, தக்க காரணத்தால் வர இயலாமலோ ஒருதலையாக விசாரணை நடந்து, தீர்ப்புத் தமக்கு விரோதமாகப் போயிருந்தால், மறுவிசாரணை கோர 21-ஆம் விதி அவர்களுக்கு உரிமை தருகிறது.

குற்ற வழக்கின் மேல்முறையீடோ வேறு வகைப்பட்டது. விசாரணைக்கு ஏற்றுக்கொண்ட பின்னர், ஒருவர் வாராமையால் மட்டும் அதனைத் தள்ளலாகாது. ஆவணங்களைப் பரிசீலித்தே முடிவு கூறவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1996-ஆம் ஆண்டில் தீர்ப்பளித்தது. அங்கே பணயமாக இருப்பது ஒருவரின் சுதந்திரம் அல்லவா?

நம் குடியானவர் அன்று மாலையே வக்கீலின் வீட்டுக்குச் சென்று, பஸ் டிக்கெட்டையும் மருத்துவச் சான்றிதழையும் சேர்த்து மனுவை எழுதச் செய்தால், அவர் நிலத்தின் கதை இன்னும் முடிந்துவிடவில்லை. ஊருக்குத் திரும்பி விதியை நொந்து ஓராண்டு உட்கார்ந்திருந்தாலோ, அவருடைய உண்மையான காரணமும் வலுவிழந்துபோகும். ஒருவரையும் கேளாமல் தண்டிக்கலாகாது என்பது நீதியின் அறம். கேட்கச் செய்யும் முயற்சியில் காலம் தாழ்த்தாதிருப்பது நம்முடைய கடமை.