இடம் காலி, வேலை யாருக்கு?

பிரேசர் டவுனை ஒட்டியே பெங்களூரு கிழக்கு ரயில் நிலையம் இருப்பதால், வெயிட்டிங் லிஸ்ட் எப்படி நகரும் என்று அங்குள்ளவர்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. முன்னால் இருப்பவர் டிக்கெட்டை ரத்து செய்தால் அடுத்தவருக்கு இடம். அதிகாரி யாரும் உட்கார்ந்து யோசிப்பதில்லை. அரசு வேலைக்கான காத்திருப்போர் பட்டியலும் அப்படித்தான் என்று பல வீடுகளில் நம்புகிறார்கள். தேர்வானவர் சேரவில்லை, பட்டியலில் அடுத்த பெயர் நம் பிள்ளையுடையது, பிறகென்ன?

அப்படி நம்பிய ஒரு பெண்ணின் வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. கர்நாடக அரசுப் பள்ளி ஆசிரியர் பணிக்கான கூடுதல் பட்டியலில், அதாவது காத்திருப்போர் பட்டியலில், அவர் பெயர் இருந்தது. உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார். 2023இல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றார். கூடுதல் பட்டியலில் பெயர் இருப்பதாலேயே நியமன உரிமை வந்துவிடாது. அந்தப் பட்டியலிலிருந்து நிரப்பியே ஆகவேண்டும் என்று விதி கட்டாயப்படுத்தினால்தான் அரசுக்கு அந்தக் கடமை என்றது தீர்ப்பு.

காத்திருப்பவரை விடுங்கள், தேர்ச்சி பெற்றவருக்கே இந்த நிலைதான். ஹரியானாவில் கீழமை நீதிபதிப் பணியிடங்கள் 15 காலி. தேறியவர்கள் 40 பேர். அரசு 7 பேரை மட்டும் எடுத்துக்கொண்டு நிறுத்திவிட்டது. தரம் வேண்டும் என்பது அதன் வாதம். 1973இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. சங்கர்சன் தாஸ் வழக்கில் 1991இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதையே உறுதி செய்தது. ஆனால் அரசு தன் இஷ்டத்துக்கு நடக்கலாம் என்று இதற்குப் பொருளல்ல என்றும் எழுதியது. உரிமை இல்லை, ஆனாலும் காரணம் கேட்கலாம். இந்த விசித்திரமான நடுநிலத்தில்தான் காத்திருப்பவர் நிற்கிறார். 2024 நவம்பரில் வந்த ஐவர் அமர்வுத் தீர்ப்பும் அதே இடத்தில்தான் நிற்கிறது: காலியிடம் இருந்தும் பட்டியலில் உள்ளவரை மறுத்தால், மறுப்புக்கு நியாயமான காரணத்தை அரசு காட்டவேண்டும்.

ஏன் இவ்வளவு கறார்? வழக்கில் மனுதாரர், அரசு என இரண்டு தரப்புதான் தெரிகிறது. மூன்றாவது ஆள் ஒருவர் நீதிமன்றத்துக்கு வெளியே இருக்கிறார்: இந்த ஆண்டு பட்டம் வாங்கப்போகும் மாணவி. பழைய பட்டியலை வைத்தே புதிய காலியிடங்களை நிரப்பிக்கொண்டிருந்தால் அவர் போட்டியிட இடமே மிஞ்சாது. அரசியலமைப்பின் 16ஆவது பிரிவு தரும் சம வாய்ப்பு அவருக்கும் உண்டு. காத்திருப்போர் பட்டியல் வற்றாத ஊற்று அல்ல என்ற கருத்தில், குஜராத் பொறியாளர்கள் வழக்கில் 1994இல் நீதிமன்றம் கோடு கிழித்தது இதனால்தான். எந்தத் தேர்வுக்கான பட்டியலோ, அந்தத் தேர்வின் இடங்களுக்கு மட்டுமே அது. எனக்கு இது நியாயமாகவே படுகிறது. ஆனால், சேராதவரின் இடத்தைக் காரணமே சொல்லாமல் காலியாகப் போட்டுவைப்பதற்கு இந்த நியாயம் பொருந்தாது.

ஜெயித்தவர்களும் உண்டு. மத்தியப் பணியாளர் துறை காத்திருப்போர் பட்டியலிலிருந்து பெயர்களைக் கேட்டும் யுபிஎஸ்சி குறைத்து அனுப்பிய வழக்கில், மீதிப் பெயர்களையும் அனுப்பச் சொன்னது உச்ச நீதிமன்றம் (2013). வீதியில் இறங்கிக் கேட்பவர்களும் உண்டு. கேரளத்தில் ரேங்க் லிஸ்ட் எனப்படும் தேர்வுப் பட்டியலுக்கு ஆயுள் பொதுவாக அதிகபட்சம் மூன்று ஆண்டு. அது முடியப்போகிறது என்றால் தலைமைச் செயலகத்தின் முன் போராட்டமே நடக்கும். 2021இல் நடந்தது.

ஆகவே பட்டியலில் பெயர் வந்ததும் இனிப்பு வாங்கும் முன் விதியை வாங்கிப் படியுங்கள். பட்டியல் எதுவரை செல்லும், அடுத்த அறிவிக்கை வந்தால் அது சாகுமா என்று பாருங்கள். எத்தனை பேர் சேரவில்லை என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் தரவேண்டும். காலியிடம் இருந்தும் கூப்பிடவில்லையென்றால், 1986 முதல் இயங்கும் கர்நாடக மாநில நிர்வாகத் தீர்ப்பாயம்தான் முதல் படி. மறுப்பு ஆணை போடப்பட்ட நாளிலிருந்து ஓராண்டுக்குள் அங்கே போகலாம் என்கிறது சட்டம். உங்கள் பட்டியல் அவ்வளவு நாள் உயிரோடு இருக்காமல் போகலாம். அதற்கு முன்பே போய்விடுங்கள்.