கொடுமையின் எழுவாய்

‘அடிச்சாங்க’ என்கிற சொல்லில் எழுவாய் யார்? ஒருவரா, பலரா? பேச்சுத் தமிழில் இரண்டுக்கும் இடமுண்டு. மாமியார் மட்டும் அடித்தாலும் ‘அத்தை அடிச்சாங்க’தான், வீடே சேர்ந்து அடித்தாலும் ‘அடிச்சாங்க’தான். அடிவாங்கிய பிறகும் மருமகளின் வாயிலிருந்து மரியாதைப் பன்மை போவதில்லை. குடும்பத்தின் அதிகாரம் மொழிக்குள் எப்படிச் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கிறது என்பதற்கு இது ஒரு சாட்சி. இந்தச் சின்ன இலக்கண விஷயம் குற்றவியல் சட்டத்தில் என்ன பாடுபடுகிறது என்பதையே இங்கு பார்க்கப் போகிறோம்.

1983இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 498ஏ பிரிவு சேர்க்கப்பட்டது. 2024 ஜூலை 1 முதல் அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 85, 86ஆம் பிரிவுகளாகத் தொடர்கிறது. ‘கணவன் அல்லது கணவனின் உறவினர்’ ஒரு பெண்ணைக் கொடுமைக்கு உள்ளாக்கினால் மூன்றாண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. தற்கொலைக்குத் தள்ளக்கூடிய, அல்லது உயிருக்கோ உடல், மன நலத்துக்கோ கடும் கேடு விளைவிக்கக்கூடிய நடத்தை வேண்டுமென்றே நிகழ்ந்தால் அது கொடுமை. சட்டவிரோதமாகச் சொத்தோ பொருளோ கேட்டுத் தொல்லை செய்வதும் கொடுமை.

‘உறவினர்’ என்ற சொல் இப்பிரிவில் தற்செயலாக வந்ததல்ல. வரதட்சணை வன்முறை கணவன் என்ற தனிமனிதனின் கோபம் மட்டுமல்ல, வீடு என்ற அமைப்பின் செயல்பாடு என்பதைச் சட்டம் ஒப்புக்கொண்ட இடம் அது. அதுவரை ‘வீட்டு விவகாரம்’ என்று ஒதுக்கப்பட்ட சமையலறைக்குள் சட்டம் நுழைந்தது.

சிக்கலும் இங்கேதான். வன்முறையை அமைப்பாகப் பார்த்தாலும் தண்டனையை ஆள் ஆளாகத்தான் தர முடியும். நாத்தனாராக இருப்பது ஓர் உறவுநிலை, அதுவே குற்றமாகிவிடாது. யார், எப்போது, என்ன செய்தார் என்பது ஒவ்வொருவருக்கும் தனித்தனியே சொல்லப்பட வேண்டும்.

காவல் நிலையத்தில் ஒரு பெண் இப்படிச் சொல்கிறாள் என்று வைத்துக்கொள்வோம்: ‘வளைகாப்புக்கு மறுநாள், அஞ்சு பவுன் கொண்டு வந்தாத்தான் சோறுன்னு சொல்லிட்டாங்க. ரெண்டு நாள் பட்டினி.’ இதில் நாள் இருக்கிறது, கோரிக்கை இருக்கிறது, செயல் இருக்கிறது. புகாராக எழுதப்படும்போது அது, ‘கணவர், மாமனார், மாமியார், நாத்தனார் ஆகியோர் கூட்டாகச் சேர்ந்து உடல்ரீதியாகவும் மனரீதியாகவும் துன்புறுத்தினார்கள்’ என்று ஆகிவிடுகிறது. மரியாதைப் பன்மை எண்ணிக்கைப் பன்மையாக மாறிவிட்டது. பட்டினி காணாமல் போயிற்று.

இத்தகைய பொத்தாம்பொதுவான வாசகங்களின் பேரில் உறவினர்களை வழக்கில் இழுப்பது கூடாதென்று உச்சநீதிமன்றம் 2010, 2012, 2022 ஆண்டுகளின் தீர்ப்புகளில் சொல்லி, அவர்கள் மீதான நடவடிக்கைகளை ரத்து செய்தது. எடுத்த எடுப்பில் கைது கூடாது என்றது 2014 தீர்ப்பு. புகார்களைக் குடும்பநலக் குழுக்கள் முதலில் பரிசீலிக்க வேண்டுமென்ற 2017 உத்தரவை 2018இல் நீதிமன்றமே விலக்கிக்கொண்டது. வன்முறையைக் கண்டும் காணாதிருந்த உறவினர், அந்தக் காரணத்தால் மட்டுமே குற்றவாளியாகிவிட மாட்டார் என்பது 2025இல் சொல்லப்பட்டது.

‘சட்டத்தைத் தவறாகப் பயன்படுத்துகிறார்கள்’ என்று கூவுகிறவர்கள் இத்தீர்ப்புகளைத் தங்களுக்கான சான்றிதழாக வாசிக்கிறார்கள். அது பிழையான வாசிப்பு. இன்னாருக்கு எதிராகத் திட்டவட்டமான குற்றச்சாட்டு இல்லை என்பது ஒன்று. கொடுமையே நடக்கவில்லை என்பது வேறொன்று. பொய் வழக்குகளே இல்லை என்றும் நாம் வாதிட வேண்டியதில்லை. வெளியூரில் வாழ்கிற, அந்த வீட்டுப் படியையே மிதிக்காத நாத்தனார் வாய்தாவுக்கு அலைவதும், சோறு போடாதவர் கூட்டத்துக்குள் ஒளிந்து தப்பிப்பதும் ஒரே வாக்கியத்தின் இரண்டு விளைவுகள். இரண்டிலும் தோற்பது ஒரு பெண்ணாகவே இருக்கக்கூடும்.

ஆகவே பாதிக்கப்பட்டவளின் பேச்சைப் புகாரின் வாய்பாட்டிலிருந்து மீட்டெடுப்பது வெறும் மொழிப்பிரச்சினை அல்ல. எழுதுகிறவர், அவர் காவலரோ வக்கீலோ, பேனாவைத் திறப்பதற்கு முன்னால் ஒரு கேள்வி கேட்டாக வேண்டும்: ‘அடிச்சாங்கன்னு சொல்றியேம்மா, யாரு அடிச்சது?’