கோவிலின் சுவர்கள் எங்களை எப்படிக் கும்பிட வைக்கின்றன?

கடந்த கோடையில் மூன்று மாத விசாவில் அம்மா பாசலுக்கு வந்திருந்தார். வந்து இரண்டு நாள் கூட ஆகவில்லை. "நாளைக்குச் செவ்வாய்க்கிழமை, என்னை அந்தோனியாரிட்டைக் கொண்டு போ ராசா" என்றார். பாசையூரில் பிறந்து வளர்ந்தவருக்குச் செவ்வாய்க்கிழமை என்றால் அந்தோனியார்தான். அதற்கு மேலும் ஒரு காரணம் இருந்தது. 1995 இடப்பெயர்வில் வன்னிக்குப் போன எங்கள் குடும்பத்தில், 2009 மே மாதத்துக்குப் பிறகு என் தம்பியைக் காணவில்லை. காணாமல் போனதைத் தேடித் தருபவர் அந்தோனியார் என்று உலகம் முழுவதும் நம்புகிறார்கள். அம்மாவும் நம்புகிறார்.

இரவு வேலை முடித்து வந்த கையோடு அவரைக் கூட்டிக்கொண்டு போனேன். பாசலிலும் அந்தோனியார் பேரில் ஒரு பெரிய கோவில் உண்டு. ட்ராமால் இறங்கி நிமிர்ந்து பார்த்த அம்மா அப்படியே நின்றுவிட்டார்.

"இதென்ன ராசா, கோயிலோ பக்ரறியோ?"

அந்தக் கேள்விக்கு என்னால் உடனே பதில் சொல்ல முடியவில்லை. பத்தாம் வகுப்போடு படிப்பை விட்டவன் நான். கட்டடக் கலை படித்தவனல்ல. ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. அம்மா நின்ற மூன்று மாதமும் லீவு நாட்களில் அவரையும் மகளையும் கூட்டிக்கொண்டு இங்குள்ள கோவில்களைப் பார்த்தேன். பார்த்ததையும் கேட்டு அறிந்ததையும், புதிதாக இந்த நாட்டுக்கு வந்திருக்கும் குடும்பங்களுக்குப் பயன்படும் என்று எழுதுகிறேன்.

எங்கள் கோவிலும் இவர்கள் கோவிலும்

சைவக் கோவிலை எடுத்துக்கொள்ளுங்கள். வெளிச்சமான வெளி வீதியில் தொடங்கி மண்டபங்களைக் கடந்து உள்ளே போகப் போக இடம் ஒடுங்கும், வெளிச்சம் குறையும். முடிவில் சிறிய, இருண்ட கருவறையில் ஒரு விளக்கு. திரை விலகி ஆராத்தி காட்டும் கணத்தில் நாம் கடவுளைக் காண்கிறோம், அவரும் எங்களைக் காண்கிறார். அங்கே வரிசை வரிசையாகக் கதிரை தேவையில்லை. நாம் நிற்கிறோம், நடக்கிறோம், வீதி சுற்றுகிறோம்.

ஐரோப்பாவின் பழைய தேவாலயங்கள் வேறு விதமானவை. உள்ளே நுழைந்ததும் நீண்ட மண்டபம். அதன் கிழக்கு முனையில் பீடம். உள்ளே போகப் போகக் கூரை உயர்ந்து கண்ணை மேலே இழுக்கும். மூலவர் கிழக்கே பார்த்திருக்கும் எங்கள் கோவிலில் நாம் மேற்கே பார்த்து நின்று கும்பிடுகிறோம். இங்கேயோ குருவும் சனங்களும் ஒன்றாகக் கிழக்கே பார்த்தார்கள், உதிக்கும் சூரியனைப் போல கிறிஸ்து வருவார் என்ற எதிர்பார்ப்பில். ஒரு கட்டடம் எங்களை நிற்கச் சொல்கிறதா, இருக்கச் சொல்கிறதா, காணச் சொல்கிறதா, கேட்கச் சொல்கிறதா என்பதில்தான் வழிபாட்டின் முழு வேறுபாடும் இருக்கிறது.

படங்கள் எரிந்த நகரம்

பாசலுக்கு வருபவர்கள் முதலில் பார்ப்பது றைன் நதிக்கு மேலே சிவப்புக் கல்லால் எழும்பி நிற்கும் முன்ஸ்ரர் ஆலயத்தை. 1356 ஒக்ரோபர் 18ஆம் திகதி வந்த பெரிய பூகம்பத்தில் இடிந்து, திருத்தப்பட்டு, 1500ஆம் ஆண்டில் இரண்டாவது கோபுரமும் முடிந்தது. கத்தோலிக்க ஆயரின் கோவிலாக இருந்த இந்த ஆலயத்தில் அப்போது பல பீடங்களும் சொரூபங்களும் இருந்தன.

1529 பெப்ரவரி 9ஆம் திகதி, சீர்திருத்தத்தை ஆதரித்த நகரத்துச் சனங்கள் உள்ளே புகுந்து சொரூபங்களை உடைத்தார்கள். படங்களும் மரச் சிலைகளும் நெருப்புக்கு இரையாகின. கடவுளை உருவத்தில் வணங்கக் கூடாது, அவர் வார்த்தையைக் கேட்பதே வழிபாடு என்பது அவர்கள் கொள்கை. அன்று முதல் முன்ஸ்ரர் சீர்திருத்தச் சபையின் கோவில்.

அதே கட்டடம்தான், அதே தூண்கள்தான். ஆனால் கோவிலின் நடு இடம் மாறிவிட்டது. பூசைப் பீடம் போய், 1486இல் செய்யப்பட்ட கல்லாலான பிரசங்க மேடை முக்கியமானது. கண்ணால் வழிபட்ட இடம் காதால் வழிபடும் இடமாயிற்று. படங்கள் எரிந்த அந்த ஆண்டில், மாற்றம் பிடிக்காமல் நகரை விட்டுப் போன எரஸ்முஸ் என்ற பேரறிஞர் 1535இல் திரும்பி வந்தார். கடைசி வரை கத்தோலிக்கராகவே இருந்தவர். 1536இல் அவர் இறந்தபோது, அவரை இந்தச் சீர்திருத்தக் கோவிலுக்குள்ளேயே அடக்கம் செய்தார்கள். அவருடைய நினைவுக் கல்லை இப்போதும் பார்க்கலாம்.

முன்ஸ்ரருக்குள் அம்மா ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். "வடிவாத்தான் இருக்கு. ஆனா எங்க நிண்டு கும்பிடுறது எண்டு தெரியேல்லை" என்றார். அதை ஒரு குறையாக அவர் சொல்லவில்லை. கும்பிட ஒரு முகம் தேடிப் பழகியவருக்கு, வார்த்தையைக் கேட்பதற்காக ஒழுங்கு செய்த இடம் வெறுமையாகத் தெரிந்தது. அந்த வெறுமையே ஒரு பிரசங்கம் என்பது இங்கே பிறந்து வளர்ந்த சீர்திருத்தச் சபைக்காரருக்குச் சொல்லாமலே விளங்கும்.

கோட்டைக்குள் இருந்த கோவில்

இது எங்களுக்குச் சம்பந்தமில்லாத ஐரோப்பியக் கதை என்று நினைக்க வேண்டாம். 1658இல் யாழ்ப்பாணத்தைப் போர்த்துக்கேயரிடமிருந்து பிடித்த ஒல்லாந்தரும் சீர்திருத்தச் சபையினரே. 1706இல் அவர்கள் யாழ்ப்பாணக் கோட்டைக்குள் ஒரு பெரிய கோவில் கட்டினார்கள். கூட்டல் குறி போன்ற சிலுவை வடிவம், தடித்த சுவர்கள். பிரசங்கிக்குக் கிட்ட எல்லோரும் இருந்து கேட்பதற்கு ஏற்ற அமைப்பு அது. 1990களின் போரில் அது இடிந்து கற்குவியல் ஆனது. என் வயதுக்காரர் பலர் அதைப் படத்தில் மட்டுமே கண்டிருக்கிறோம்.

ஒல்லாந்தர் கத்தோலிக்கக் குருமாரைத் தடை செய்தார்கள். அந்தக் காலத்தில் கத்தோலிக்கர் எங்கே கும்பிட்டார்கள்? வீடுகளில், இரவில், காவல் வைத்துக் கும்பிட்டார்கள். 1687இல் கோவாவிலிருந்து மாறுவேடத்தில் வந்த யோசேப் வாஸ் அடிகளார் சில்லாலை போன்ற ஊர்களில் அப்படித்தான் பூசை செய்தார். 2015 ஜனவரியில் பாப்பரசர் பிரான்சிஸ் கொழும்பில் அவரைப் புனிதராக அறிவித்தார். மாந்தையிலிருந்து மாதா சொரூபத்தைத் தூக்கிக்கொண்டு சில குடும்பங்கள் காட்டுக்குள் போனதுதான் இன்றைய மடுவின் தொடக்கம் என்பது எங்கள் மரபு. சைவர்களிடமும் அதே போன்ற ஒரு கதை உண்டு. அந்நியர் ஆட்சியில் விரதம் பிடித்துச் சாப்பிட்ட வாழை இலையை, யாரும் காணாதபடி கூரை இறப்பில் சொருகி மறைத்தார்களாம்.

கட்டடம் எங்களைப் பழக்குகிறது என்று மேலே எழுதினேன். கட்டடம் பறிபோன காலத்திலும் எங்கள் முன்னோர் கும்பிடுவதை விடவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். வாடகை மண்டபத்திலும் இரவல் கோவிலிலும் கூடும் எங்களுக்கு அது ஒரு ஆறுதல்.

கொங்கிரீற்றில் ஒரு அந்தோனியார்

இப்போது அம்மாவின் கேள்விக்கு வருகிறேன். பாசல் அந்தோனியார் கோவில் 1925க்கும் 1927க்கும் இடையில் கட்டப்பட்டது. சிற்பி கார்ல் மோசர் என்பவர். சுவிஸ் நாட்டில் பூசி மறைக்காத கொங்கிரீற்றில் எழுந்த முதல் தேவாலயம் இது. கோபுரம் 62 மீற்றர் உயரம். அந்தக் காலத்துச் சனங்களுக்கும் இது அதிர்ச்சியாகத்தான் இருந்தது. 'ஆன்மாக்களைக் கொட்டி வைக்கும் களஞ்சியம்' என்ற பொருளில் ஒரு பட்டப் பெயரும் வைத்தார்கள். ஆகவே பக்ரறியோ என்று கேட்ட முதல் ஆள் அம்மா இல்லை!

ஏன் இப்படிக் கட்டினார்கள்? சீர்திருத்தத்துக்குப் பின் பாசலில் கத்தோலிக்க வழிபாடு நெடுங்காலம் தடைப்பட்டிருந்தது. பிறகு தொழிற்சாலைகள் வளர, வேலை தேடி வெளியிலிருந்து வந்த கத்தோலிக்கர் பெருகினார்கள். தொழிலாளர், வேலைக்காரப் பெண்கள், கைவினைஞர் என்று பெரும்பாலும் சாதாரண சனம். பெருந்தொகையானோரைக் கொள்ளும் கோவில் வேண்டும், செதுக்கிய கல்லுக்குக் காசு இல்லை. தொழிற்சாலை கட்டும் பொருளாலேயே தொழிலாளரின் குடியிருப்பு நடுவே கோவில் எழுந்தது. அதாவது, இந்தக் கோவிலைக் கட்டியவர்களும் எங்களைப் போலப் பிழைக்க வந்தவர்களே.

உள்ளே போனால் வேறு உலகம். பலகை அடித்து வார்த்த அடையாளம் தூண்களில் இன்னும் தெரிகிறது. நானும் ஒரு காலம் கட்டட வேலை செய்தவன், அந்த அடையாளத்தைத் தொட்டுப் பார்த்தேன். மேலே சதுரக் குழிகள் கொண்ட பெரிய வளைவுக் கூரை. இரண்டு பக்கமும் ஹான்ஸ் ஸ்ரொக்கர், ஒட்டோ ஸ்ரைகர் ஆகிய இரு ஓவியர்கள் செய்த உயர்ந்த நிறக் கண்ணாடி யன்னல்கள். வெயில் வரும்போது சாம்பல் நிறச் சுவரில் சிவப்பும் நீலமும் ஊர்ந்து போகும். மெல்லிய தூண்கள் என்பதால் பின்னால் இருப்பவருக்கும் பீடம் தெரியும். 1962 முதல் 1965 வரை நடந்த இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்குப் பின் உலகெங்கும் குருமார் சனங்களைப் பார்த்து அவரவர் மொழியில் பூசை செய்யத் தொடங்கினார்கள். எல்லோரும் ஒன்றாகப் பங்கெடுக்க வேண்டும் என்ற அந்த எண்ணத்தைப் பல ஆண்டுகளுக்கு முன்பே இப்படியான கட்டடங்கள் எதிர்பார்த்திருந்தன.

அம்மாவின் கண் தேடியது சொரூபத்தை, கண்டது கொங்கிரீற் சுவரை. கன நேரம் பேசாமல் இருந்தார். வெளியே வந்து, "நல்ல குளிர்ச்சி. ஆனா என்ர பிள்ளையைப் பற்றி அந்தச் சுவரிட்ட எப்பிடிச் சொல்லுறது?" என்றார்.

குகைக்குள் இறங்கிய நாள்

அடுத்த ஞாயிறு மரியஸ்ரைன் போனோம். பாசலிலிருந்து ட்ராமிலும் பஸ்ஸிலும் போகக்கூடிய இடம். பாறை உச்சியிலிருந்து விழுந்த ஒரு குழந்தையை மாதா காப்பாற்றினார் என்பது தல வரலாறு. 1648 முதல் பெனடிக்ற் சபைத் துறவிகள் அங்கே இருக்கிறார்கள். மேலே பெரிய அலங்காரக் கோவில் இருந்தாலும் சனங்கள் தேடி வருவது கீழே உள்ள குகையை. நீண்ட வழியால் நடந்து, பல படிகள் இறங்கிப் போக வேண்டும். வழிச் சுவர் முழுக்க நேர்த்தி நிறைவேறியவர்கள் பதித்த நன்றிக் கற்கள். அடியில் பாறைக்குள் சிறிய இடம், மெழுகுதிரி மணம், பட்டாடை உடுத்திய மாதாவும் குழந்தையும்.

இறங்கும்போதே அம்மாவின் நடை மாறிவிட்டது. செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்தார். பொட்டு வைத்த எங்கள் பெண்கள் பலர் அங்கே கும்பிட்டுக்கொண்டு நின்றார்கள். சைவக்காரியான என் மனைவிக்கும் அங்கே போனால் அந்நியமாகத் தெரிவதில்லை. வெளிச்சம் குறைந்து, இடம் ஒடுங்கி, முடிவில் ஒரு முகம்: எங்கள் கருவறையின் அதே ஒழுங்கு. அதனால்தான் சைவர், கத்தோலிக்கர் என்று பாராமல் எம்மவர் அங்கே போகிறார்கள் என்று நினைக்கிறேன். அம்மா முழங்காலில் இருந்து நெடுநேரம் அழுதார். தம்பிக்காக ஒரு மெழுகுதிரி ஏற்றினார். உயிரோடு இருப்பவனுக்காகவா, இறந்தவனுக்காகவா என்று நான் கேட்கவில்லை.

ஆனால் என் எட்டு வயது மகள் என் கையை இழுத்தாள். "அப்பா, இங்க இருட்டு, எனக்குப் பயமா இருக்கு. அந்தப் பெரிய கோயில்தான் எனக்கு விருப்பம். அங்க பாடினா சத்தம் மேல போய்த் திரும்பி வருது" என்றாள்.

எங்கள் வீட்டு நிலைமையை அந்த ஒரு பேச்சுக் காட்டிவிட்டது. அப்பம்மாவுக்குக் குகை, பேத்திக்குக் கொங்கிரீற். நடுவில் நான்.

நாங்கள் என்ன செய்யலாம்?

வேறொரு ஊரில் நாங்கள் இரவலாகப் பெற்ற கோவிலில், நத்தார் நாளில் தரையிலே மெழுகுதிரி ஏற்றி, மெழுகு கல்லில் ஊறி, பொறுப்பாளரிடம் ஏச்சு வாங்கினோம். அன்று கோபம் வந்தது. இப்போது யோசித்தால், அவருக்கு அந்தத் தரை எவ்வளவு முக்கியம் என்று எங்களுக்குத் தெரியவில்லை, எங்களுக்கு அந்தச் சுடர் எவ்வளவு முக்கியம் என்று அவருக்கும் தெரியவில்லை. முதலே கேட்டு ஒரு மணல் தட்டு வைத்திருந்தால் முடிந்திருக்கும். அடுத்த முறை அப்படித்தான் செய்தோம்.

எங்களுக்கென்று கோவில் கட்டும்வரை பிள்ளைகளுக்குச் சமயம் சொல்லிக்கொடுக்க முடியாது என்று எம்மவர் சிலர் சொல்கிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. கட்டடம் வரும்போது வரட்டும். அதற்கு முன் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு உங்கள் ஊரிலுள்ள பழைய கோவிலுக்கும் புதிய கோவிலுக்கும் போங்கள். பீடம் எங்கே, பிரசங்க மேடை எங்கே, சொரூபம் ஏன் இல்லை என்று கேளுங்கள். அவர்களுக்குப் பாடசாலையில் படித்தது இருக்கும், அதை எங்களுக்குச் சொல்வார்கள். நாம் ஊர்க் கோவிலைப் பற்றிச் சொல்வோம். 1995 யூலையில் குண்டு விழுந்து, தஞ்சம் புகுந்த நூற்றுக்கு மேற்பட்ட எங்கள் சனம் இறந்த நவாலித் தேவாலயத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஆபத்து வந்தால் கோவிலுக்கு ஓடு என்று பழகிய சனம் நாங்கள். கோவில் சுவர் எங்களுக்கு என்னவாக இருந்தது என்பது பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டும்.

திரும்பிப் போவதற்கு முதல் நாள் செவ்வாய்க்கிழமை. அம்மா தானாகவே கொங்கிரீற் கோவிலுக்குப் போவோம் என்றார். மகளும் வந்தாள். கோவிலில் வேறு யாரும் இல்லை. பேத்தியைப் பாடச் சொல்லிவிட்டு அம்மா கண்ணை மூடிக்கொண்டு இருந்தார். சத்தம் மேலே போய்த் திரும்பி வந்தது. யன்னல் வெளிச்சம் அவருடைய சீலையில் விழுந்திருந்தது.

வெளியே வரும்போது சுவரைத் தடவிப் பார்த்து, "இவருக்கும் கேட்கும் போலதான் கிடக்கு" என்றார்.