அடுப்படியிலிருந்து ஒரு இயக்குநர்

ஜப்பானிய இயக்குநர் ஹிரோகசு கொரே-எடா என்றதும் எல்லோரும் 'ஷாப்லிஃப்டர்ஸ்' படத்தைத்தான் சொல்கிறார்கள். 2018இல் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை விருது வென்ற படம், சொல்லட்டும். என் ஓட்டு 2008இல் வந்த 'ஸ்டில் வாக்கிங்'குக்கு.

தன் தாய் இறந்த பிறகு அவர் எடுத்த படம் அது. அம்மாவும் மகளும் அடுப்படியில் முள்ளங்கி, கேரட் சீவியபடி வாயடிப்பதில் படம் தொடங்குகிறது. பிறகு சோளம் உதிர்த்து, மாவில் தோய்த்து, எண்ணெயில் போடுகிறார்கள். முத்துகள் படபடவென்று வெடிக்கின்றன. ஏதோ விருந்துபோல இருக்கிறது. உண்மையில் அது மூத்த மகனின் நினைவு நாள். கடலில் மூழ்கிய ஒரு சிறுவனைக் காப்பாற்றப் போய் உயிரை விட்டவன் அவன். பிழைத்த சிறுவன் வளர்ந்து, உடம்பு பெருத்து, அந்த நாளில் கூச்சத்தோடு வந்து கும்பிட்டுவிட்டுப் போகிறான். பாவம், இனி அவனைக் கூப்பிட வேண்டாமே என்கிறான் இளைய மகன். ஆண்டுக்கு ஒருமுறையாவது அவன் வேதனைப்படட்டும், அதற்குத்தான் கூப்பிடுகிறேன் என்று பின்னலில் கை வைத்தபடியே சொல்கிறாள் அம்மா. அம்மாவாக நடித்த கிரின் கிகி அதைச் சொல்லும்போது அரிசி விலை பேசுகிற குரல்தான். எனக்குத்தான் அடிவயிறு கலங்கியது.

வீட்டுப் பேச்சை இப்படிக் கேட்டு வாங்கும் காது கொரே-எடாவுக்குத் தொலைக்காட்சியில் வாய்த்தது என்பேன். 1962இல் டோக்கியோவில் பிறந்தவர், வசேதா பல்கலைக்கழகத்தில் படித்துவிட்டு ஆவணப்படம் எடுக்கப் போனார். 1991இல் நாகானோ பகுதிப் பள்ளிப் பிள்ளைகள் ஒரு கன்றுக்குட்டியை வளர்ப்பதைப் படமாக்கினார். 1995இல் முதல் கதைப்படம் 'மபொரோசி'. 1998இன் 'ஆஃப்டர் லைஃப்' படத்துக்காகச் சுமார் 500 பேரிடம், இறந்தபின் ஒரே ஒரு நினைவை மட்டும் கொண்டுபோகலாம் என்றால் எதை எடுப்பீர்கள் என்று கேட்டார்கள். அவர்களில் சிலர் படத்திலேயே வந்து தங்கள் கதையைச் சொல்கிறார்கள்.

தாய் விட்டுப்போன குழந்தைகளைப் பற்றிய 'நோபடி நோஸ்' (2004) 1988இல் டோக்கியோவில் நடந்த நிஜச் சம்பவத்திலிருந்து பிறந்தது. பிள்ளைகள் கையில் கதை வசனத்தைக் கொடுக்கவே இல்லை. அன்றன்றைக்கு வாயால் சொன்னார். மூத்தவனாக நடித்த யூயா யாகிரா 14 வயதில் கானில் சிறந்த நடிகர் விருது வாங்கினான்.

தங்கப்பனைக்குப் பிறகு அரசு பாராட்ட முன்வந்தது. சினிமா அதிகாரத்திலிருந்து தள்ளி நிற்க வேண்டும் என்று மறுத்துவிட்டார். அடுத்து பிரான்சுக்கும் கொரியாவுக்கும் போய்ப் படமெடுத்தார். கொரியாவில் எடுத்த 'புரோக்கர்' (2022) அதில் நடித்த சாங் காங்-ஹோவுக்கு கானில் விருது வாங்கித் தந்தது. ஆனாலும் எனக்கு அதில் சர்க்கரை கொஞ்சம் தூக்கல். வேறொருவர் எழுதிய கதையை எடுத்த 'மான்ஸ்டர்' (2023) அவரை மறுபடி ஜப்பானுக்கும், பள்ளிப் பிள்ளைகளிடமும் கொண்டுவந்தது.

புதிதாகப் பார்க்கப் போகிறவர்கள் 'ஸ்டில் வாக்கிங்'கில் தொடங்குங்கள். 'நோபடி நோஸ்' படத்தை வீட்டில் சின்னப் பிள்ளைகள் தூங்கிய பிறகு போடுங்கள்.