சூட்டில் நின்று, ஆறியதும் ஓடும் கார்

பழைய பெட்ரோல் காருக்கு வரும் கோளாறுகளுள் மிகவும் ஏமாற்றக்கூடியது, பணிமனைக்குப் போய்ச் சேருமுன் தானாகவே மறைந்துவிடும் கோளாறுதான். காலையில் ஒரே திருப்பில் புறப்பட்ட கார், முற்பகல் வெயிலில் நெரிசலுக்குள் ஊர்ந்து செல்லும்போது எவ்வித முன்னறிவிப்பும் இன்றி அணைந்துவிடுகிறது. சாவியைத் திருப்பினால் ஸ்டார்ட்டர் சுழல்கிறது, என்ஜின் பற்றுவதில்லை. அரை மணி நேரம் கழித்துத் திருப்பினால் ஒன்றும் நடவாததுபோல் ஓடுகிறது. மெக்கானிக் வந்து பார்க்கும்போது காரில் குறையேதும் தென்படாது. அடுத்த வாரம் அதே இடத்தில் மீண்டும் நிற்கும்.

கிழக்கேகோட்டை வட்டாரத்தில் கார் வைத்திருப்போருக்கு இக்காட்சி புதிதன்று. ஓவர்பிரிட்ஜில் தொடங்கிப் பழவங்காடி கணபதி கோவிலைக் கடந்து அட்டக்குளங்கரை செல்வதற்குள், நகரப் பேருந்துகள், பத்மநாபசுவாமி கோவிலுக்கு வருவோர், சாலைக் கம்போளத்துக்குச் சரக்கு ஏற்றி வரும் வண்டிகள் என அனைத்துக்கும் வழிவிட்டே நகர வேண்டும். நடை வேகத்தில் செல்லும் காரின் முன்புறம் காற்று வேகமாகப் புகுவதில்லை. பானட்டுக்கு அடியில் சூடு தேங்குகிறது. திறந்த சாலையில் தலைகாட்டாத கோளாறு இங்கே வெளிப்படுவதற்கு அதுவே காரணம்.

எங்கள் கிளையின் வாடிக்கையாளர் ஒருவர், சாலையில் நெடுங்காலம் பலசரக்கு மொத்த வியாபாரம் செய்து ஓய்வு பெற்றவர். அவரை எல்லோரும் அண்ணாச்சி என்றே அழைப்பர். 2009-இல் வாங்கிய பெட்ரோல் கார் ஒன்றில் வாரந்தோறும் நாகர்கோவிலுக்கு மகள் வீட்டுக்குச் சென்று வருகிறார். அந்தக் கார் இப்படி நிற்கத் தொடங்கியது. முதற்பணிமனையில் பெட்ரோல் பம்பை மாற்றினார்கள். இரண்டாவது பணிமனையில் ஸ்பார்க் பிளக்குகளும் இக்னிஷன் காயிலும் மாறின. ரசீதுகளைக் கூட்டினால் ஐந்து இலக்கம் வந்தது. கார் மட்டும் முன்போலவே நின்றது. கடைசியில் அவர் எங்கள் கிளைக்கு வந்து, "சார், புது வண்டிக்கு லோன் போட்டுடலாம்னு இருக்கேன்" என்றார்.

கடன் கொடுப்பது எங்கள் தொழில். ஆயினும் கணக்கைக் காட்டாமல் கையெழுத்து வாங்குவது முறையன்று. ஐந்து லட்ச ரூபாயை 9 சதவீத வட்டியில் ஐந்து ஆண்டுத் தவணைக்குக் கொடுத்தால் மாதந்தோறும் சுமார் 10,380 ரூபாய் கட்ட வேண்டும். வட்டி மட்டும் ஏறத்தாழ 1,22,750 ரூபாய். புதுக் கார் தேவையென்றால் அச்செலவு நியாயமானதே. ஆனால் அண்ணாச்சிக்குப் பழைய காரின்மேல் வேறு மனக்குறை எதுவும் இல்லை. "அது நிற்பதற்கான காரணத்தை யாராவது அளந்து சொன்னார்களா, அண்ணாச்சி?" என்று கேட்டேன். மாற்றினார்களே தவிர, ஒருவரும் அளக்கவில்லை.

எதை அளப்பது என்று அறிய, பொறி எப்படிப் பிறக்கிறது என்பதைச் சற்றுத் தெரிந்துகொள்ள வேண்டும். அம்பாசடர், பிரீமியர் பத்மினி ஓடிய காலத்தில் டிஸ்ட்ரிபியூட்டருக்குள் இருந்த இரண்டு சிறு உலோக முனைகளே பொறிக்கான நேரத்தைத் தீர்மானித்தன. மெக்கானிக்குகள் அவற்றைப் 'பாயிண்ட்' என்பார்கள். அமெரிக்கப் பொறியாளர் சார்லஸ் கெட்டரிங் 1910-ஆம் ஆண்டை ஒட்டிக் காடிலாக் கார்களில் கொண்டுவந்த முறையின் வழிவந்தவை அவை. முனை கருகினால் உப்புத்தாளால் தேய்த்து, இடைவெளியைச் சரிசெய்துவிட்டுப் புறப்படலாம். கோளாறு கண்ணுக்குத் தெரிந்தது, கையாலேயே தீர்ந்தது. 2000-ஆம் ஆண்டை ஒட்டி வந்த புகைக் கட்டுப்பாட்டு விதிகளுக்குப் பின் கார்புரேட்டரும் பாயிண்டும் மறைந்தன. அவற்றின் வேலையை ஒரு சிறு கணினி ஏற்றுக்கொண்டது.

அந்தக் கணினிக்குக் கண் கிடையாது. என்ஜினின் கிராங்க் தண்டு இந்தக் கணத்தில் எந்தக் கோணத்தில் நிற்கிறது என்று அதற்குச் சொல்வது, விரல் நீளமே உள்ள ஓர் உணரி. மெக்கானிக்குகள் 'கிராங்க் சென்சார்' என்று சொல்வது இதைத்தான். தண்டுடன் சுழலும் பற்சக்கரம் ஒன்றின் எதிரே, ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் இடைவெளியில் இது பொருத்தப்பட்டிருக்கும். பல கார்களில் அச்சக்கரத்தில் அறுபது பற்களுக்கான இடம் வகுத்து, இரண்டை மட்டும் வேண்டுமென்றே விட்டிருப்பார்கள். அந்த வெற்றிடம் கடக்கும்போது கணினி தன் எண்ணிக்கையைச் சரிபார்த்துக்கொள்கிறது. நிமிடத்துக்கு 3,000 சுற்றில் ஓடும் என்ஜினில் நொடிக்கு 2,900 பற்கள் உணரியைக் கடக்கின்றன. ஒவ்வொரு பல்லுக்கும் ஒரு மின்துடிப்பு. அத்துடிப்புகளை எண்ணியே பொறியின் நேரமும் பெட்ரோல் பீய்ச்சும் நேரமும் கணிக்கப்படுகின்றன.

துடிப்பு நின்றால், என்ஜின் சுழலவில்லை என்றே கணினி முடிவு செய்யும். உடனே பொறியை நிறுத்தும். பெட்ரோல் பீய்ச்சுவதையும் நிறுத்தும். பாதுகாப்புக் கருதிப் பம்புக்குச் செல்லும் மின்சாரத்தையும் துண்டிக்கும். அண்ணாச்சியின் முதல் செலவு இங்கேதான் நேர்ந்தது. சாவியைப் போட்டதும் பம்பு ஓரிரு நொடி முனகிவிட்டு ஓய்ந்ததைக் கண்டு, பம்பு பழுது என்று தீர்மானித்துவிட்டார்கள். உணரி பேசாததால் பம்பு ஓய்ந்தது, பம்பின்மேல் குற்றமில்லை.

இவ்வுணரிகள் இரு வகைப்படும். ஒன்று, காந்தத்தைச் சுற்றி மயிரிழை போன்ற செப்புக் கம்பியைச் சுருட்டியது. பெரும்பாலும் இரண்டு கம்பி கொண்டது. மற்றொன்று ஹால் விளைவால் இயங்குவது. மூன்று கம்பி கொண்டது. மின்சாரம் ஓடும் தகட்டின் குறுக்கே காந்தப்புலம் பாய்ந்தால் பக்கவாட்டில் ஒரு சிறு மின்னழுத்தம் தோன்றும் என்பதை எட்வின் ஹால் 1879-இல் பால்டிமோரில் மாணவராக இருந்தபோது தங்கத் தகட்டில் கண்டறிந்தார். கார் பரவுவதற்கு முந்தைய அக்கண்டுபிடிப்பு இன்று எண்ணற்ற கார்களுக்குள் வேலை செய்துகொண்டிருக்கிறது.

இருவகையும் சூட்டுக்கு அஞ்சுபவை. பல ஆண்டுகள் என்ஜினோடு ஒட்டி வெந்த கம்பிச்சுற்றில் மெல்லிய விரிசல் விழும். சூடேறி விரியும்போது விரிசலின் முனைகள் விலகும். ஆறியதும் மீண்டும் தொட்டுக்கொள்ளும். பற்றாசு வைத்த இணைப்புகளிலும் இதுவே நிகழும். நின்ற கார் அரை மணியில் உயிர்த்தெழுவதன் இரகசியம் இவ்வளவுதான்.

இது நம்மூர் கார்களுக்கு மட்டும் வரும் நோயன்று. ஃபோர்டு நிறுவனம் 1980-களில், பொறியைக் கட்டுப்படுத்தும் மின்னணுப் பெட்டியை என்ஜினின் சூட்டுக்கு அருகே, டிஸ்ட்ரிபியூட்டரின் மீதே பொருத்தியது. சூடேறியதும் கார்கள் நடுவழியில் நின்றன, ஆறியதும் ஓடின. கலிஃபோர்னியாவில் சுமார் 17 லட்சம் கார்கள் தொடர்பான வழக்கில், 2000-ஆம் ஆண்டு நீதிபதி நிறுவனத்துக்கு எதிராகத் தீர்ப்பளித்தார். மறு ஆண்டு வழக்கு சமரசத்தில் முடிந்தது. 2003 அக்டோபரில் நிஸான் நிறுவனம் உலகெங்கும் சுமார் 25 லட்சம் கார்களைத் திரும்ப அழைத்ததும் கிராங்க் உணரியின் குறைக்காகவே. இத்தனை பெரிய நிறுவனங்களையே அலைக்கழித்த கோளாறு ஒரு தெருமுனைப் பணிமனையைக் குழப்புவதில் வியப்பில்லை.

இனி, கண்டறியும் முறை. கார் நிற்கும் அந்தக் கணத்தில் உரிமையாளர் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. என்ஜின் சுற்றைக் காட்டும் முள் உள்ள கார்களில், வண்டி இன்னும் உருண்டுகொண்டிருக்கையிலேயே முள் சட்டென்று பூச்சியத்துக்கு விழுந்தால், அல்லது மறுபடி ஸ்டார்ட்டர் சுழலும்போது முள் சிறிதும் அசையாமல் இருந்தால், உணரியின்மேல் ஐயம் கொள்ளலாம். முள் பூச்சியத்தில் விழாமல் என்ஜின் திணறித் திணறி நின்றால் பெட்ரோல் வழியைப் பார்ப்பதே முறை. இச்சிறு குறிப்பை எழுதிவைத்து மெக்கானிக்கிடம் சொன்னால் பாதி வேலை முடியும்.

அடுத்தது கார் நின்ற நிலையில், ஆறுமுன் செய்ய வேண்டிய சோதனை. பொறி வந்து பெட்ரோல் வரவில்லையென்றால் பம்பு, அதன் ரிலே. பெட்ரோல் வந்து பொறி வரவில்லையென்றால் காயில். இரண்டும் ஒருசேர நின்றிருந்தால் கிராங்க் உணரி அல்லது அதன் கம்பிகள். அரிதாகக் கணினிக்கு மின்சாரம் தரும் ரிலே. பொறிச் சோதனையை அனுபவமுள்ள எலக்ட்ரீஷியனே செய்ய வேண்டும். அதில் பாயும் மின்னழுத்தம் பல்லாயிரம் வோல்ட்.

அண்ணாச்சியின் காரைப் பார்த்த மூன்றாமவர், ஒற்றை அறையில் கடை வைத்திருக்கும் ஆட்டோ எலக்ட்ரீஷியன். காரை ஒரு மணி நேரம் கடைவாசலில் ஓடவிட்டு, அது நிற்கும்வரை காத்திருந்தார். பிறகு உணரியின் இணைப்பைக் கழற்றி மல்டிமீட்டரை வைத்தார். இரண்டு கம்பி உணரி நல்ல நிலையில் இருந்தால் பொதுவாகச் சில நூறு ஓமிலிருந்து ஆயிரத்துக்குச் சற்று மேல் வரை காட்டும். சரியான அளவு அந்தந்தக் காரின் கையேட்டில் இருக்கும். மீட்டர் முடிவிலியைக் காட்டியது. ஈரத்துணியால் உணரியைக் குளிர்வித்ததும் எண் திரும்ப வந்தது. மூன்று கம்பி உணரியை இப்படி ஓம் வைத்து அளக்கக் கூடாது. அதற்கு வரும் மின்சாரமும் பூமி இணைப்பும் சரியா, சுழலும்போது குறியீட்டுக் கம்பியில் மின்னழுத்தம் ஏறி இறங்குகிறதா என்றே பார்க்க வேண்டும்.

ஸ்கேனர் வைத்துப் பார்த்தால் போதாதா என்பது பலர் கேட்கும் கேள்வி. காரின் கணினி பி0335 என்ற குறியீட்டைச் சேமித்திருக்கக்கூடும். ஆனால் அக்குறியீட்டின் பொருள் 'கிராங்க் உணரியின் மின்சுற்றில் பழுது' என்பதே. 'உணரி பழுது' என்பதன்று. மின்சுற்று என்பதில் கம்பி, இணைப்பான், பற்சக்கரம் எல்லாம் அடங்கும். கடற்காற்று வீசும் நம் நகரில் இணைப்பானின் பித்தளை முனைகளில் பச்சைக் களிம்பு ஏறுவது சாதாரணம். எலி கடித்த கம்பியும் அப்படியே. உணரியின் காந்தமுனையில் இரும்புத்தூள் அப்பியிருந்தாலும் துடிப்பு குலையும். இவற்றைத் துடைத்தும் ஒட்டியும் சரிசெய்யச் சில பத்து ரூபாய் போதும். மேலும், பாரத் ஸ்டேஜ் 4 விதிகளை ஒட்டி 2010-க்குப் பின் படிப்படியாகவே இப்பொதுக் குறியீட்டு முறை நம் நாட்டில் கட்டாயமாயிற்று. அதற்கு முந்தைய கார்கள் பலவற்றோடு மலிவான ஸ்கேனர் பேசவே பேசாது.

மாற்றும் வேலை எளிது. என்ஜின் ஆறிய பின் பேட்டரியின் எதிர்முனையைக் கழற்ற வேண்டும். பெரும்பாலான கார்களில் உணரியை ஒரே ஒரு போல்ட்டே பிடித்திருக்கும்; எண்ணெய் கசியாமல் தடுக்கும் ரப்பர் வளையத்தைப் புதிதாகப் போட வேண்டும். சுத்தியலால் தட்டி ஏற்றக் கூடாது. கம்பியைப் புகைக்குழாயில் படாதபடி பழைய வழியிலேயே கொண்டுசெல்வது முக்கியம். சில கார்களில் புதிய உணரியைக் கணினிக்கு அறிமுகப்படுத்த ஸ்கேனர் தேவைப்படும். உணரியின் விலை காரைப் பொறுத்துச் சில நூறு ரூபாயிலிருந்து சில ஆயிரம் வரை இருக்கும். மலிவான போலிகள் சந்தையில் உள்ளன; சூடேறும்வரை அவையும் நன்றாகவே வேலை செய்யும். பாக எண் குறித்த ரசீதையும் கழற்றிய பழைய உணரியையும் கேட்டு வாங்குவது நல்லது. வேலை முடிந்ததும் தெருவைச் சுற்றிவந்து கொடுத்தால் ஏற்கலாகாது. முன்பு நின்ற அதே சூட்டில், அதே நெரிசலில் ஓட்டிப் பார்க்க வேண்டும்.

இவ்வளவையும் நாளை பார்க்கலாம் என்று தள்ளிப்போடுவதில் உள்ள ஆபத்தைச் சொல்லாமல் விட இயலாது. ஓடும்போது என்ஜின் அணைந்தால் பிரேக்குக்கு உதவும் வெற்றிடம் ஓரிரு மிதிக்குள் தீர்ந்துவிடும். பவர் ஸ்டியரிங்கும் இறுகிவிடும். இரண்டும் வேலை செய்யும், ஆனால் பலம் தேவை. விட்டுவிட்டு மிதிக்காமல் ஒரே அழுத்தாக அழுத்தி, அபாய விளக்கைப் போட்டு, இடப்புறம் ஒதுங்க வேண்டும். வண்டி நிற்கும்வரை சாவியை உருவக் கூடாது, ஸ்டியரிங் பூட்டிக்கொள்ளும். கரமனையிலிருந்து பாலராமபுரம் வரை பின்னால் வரும் பேருந்துக்கு நம் பிரேக் விளக்கு மட்டுமே துணை.

காப்பீடு இருக்கிறதே என்று எண்ணுவோருக்கு ஒரு குறிப்பு. நம் நாட்டின் வழக்கமான முழுக் காப்பீட்டுப் பத்திரத்தில் தேய்மானமும் இயந்திர, மின் பழுதும் விலக்கப்பட்டவை. உணரிக்கான செலவை அதில் கோர இயலாது. வழியில் நின்ற காரை இழுத்துச் செல்லும் உதவி, கூடுதல் பிரீமியம் கட்டிச் சேர்த்துக்கொண்டால் கிடைக்கும். பழைய கார்களுக்கு எல்லா நிறுவனமும் அதைத் தருவதில்லையாதலால் புதுப்பிக்கும்போதே கேட்டுவிட வேண்டும். பதினைந்து ஆண்டு கடந்த காரின் பதிவைப் புதுப்பிக்கும் மத்தியக் கட்டணமும் 2022 ஏப்ரலில் 5,000 ரூபாயாக உயர்த்தப்பட்டது. பசுமை வரி தனி. காரை வைத்துக்கொள்வதா விற்பதா என்னும் கணக்கில் இவையும் சேர வேண்டும்.

அண்ணாச்சி அக்கணக்கைப் போட்டுப் பார்த்தார். கடன் விண்ணப்பம் நிரப்பப்படாமலேயே என் மேசையில் சில நாள் கிடந்தது. கழற்றிய உணரியை ஒரு காகிதப் பையில் கொண்டுவந்து காட்டியவர், முதற்பணிமனையில் கழற்றிய பழைய பம்பைத் திரும்பக் கேட்டு வாங்கியிருக்கிறார். அது இன்னும் ஓடுகிறதாம்.