பத்து இலட்சக் கடன், முப்பத்தொரு இலட்ச வீடு

முல்லைத்தீவில் 2009இல் போர் முடிந்தபின் எழுந்த கல்வீடுகள் பலவற்றின் அத்திவாரத்தோடு ஒரு கடனும் சேர்ந்தே போடப்பட்டது. வங்கிக் கடன், சங்கக் கடன், நகை அடகு, லீசிங் கம்பனியில் எடுத்தது, ஊரில் நூற்றுக்கு ஐந்து வட்டிக்கு வாங்கியது என்று வீட்டுக்கு வீடு அதன் வடிவம் மாறும். கடன் எடுக்கப் போகிறவர் கேட்கும் கேள்வி மட்டும் எங்கும் ஒன்றுதான்: மாதம் எவ்வளவு கட்டவேண்டும்? வருமானத்துக்குள் அடங்குமா என்று பார்ப்பதற்கு அது தேவையான கேள்வி. ஆனால் வீட்டுக்குக் கொடுக்கப்போகும் விலை அந்தத் தொகையில் தெரியாது. எத்தனை மாதம், என்ன வட்டி, வட்டியைக் கணக்கிடுவது எந்த முறையில் என்ற மூன்றையும் சேர்த்துப் பார்த்தால்தான் தெரியும்.

கணக்குக்கு இலகுவாக, 10 இலட்சம் ரூபாயை ஆண்டுக்கு 12 சதவீத வட்டியில் 15 வருடத்துக்கு ஒருவர் எடுத்ததாக வைத்துக்கொள்ளலாம். மீதிக் கடனுக்கு மட்டும் வட்டி போடும் முறையில் மாதத் தவணை ஏறத்தாழ 12,002 ரூபாய். 180 மாதமும் பிசகாமல் கட்டி முடித்தால் கையிலிருந்து போன மொத்தம் 21 இலட்சத்து 60 ஆயிரம். எடுத்த முதலைவிடக் கட்டிய வட்டி கூட.

இந்தப் பணம் எப்படிப் போகிறது என்பதை முதல் மாதத் தவணையிலேயே பார்க்கலாம். 12,002 ரூபாயில் 10,000 ரூபாய் வட்டி. முதலில் கழிவது 2,002 ரூபாய் மட்டும். இரண்டாம் மாதம் மீதி சற்றுக் குறைவதால் வட்டி 20 ரூபாய் குறையும், அந்த 20 ரூபாய் முதலுக்குப் போகும். இப்படி நத்தை வேகத்தில்தான் தொடக்கம். ஐந்து வருடம் கட்டியபின் கணக்கை முடித்துவிடலாம் என்று ஒருவர் வங்கிக்குப் போனால், அதுவரை அவர் கட்டியது 7 இலட்சத்து 20 ஆயிரம். கழிந்த முதல் 1 இலட்சத்து 63 ஆயிரம். இன்னும் கட்டவேண்டியது 8 இலட்சத்து 36 ஆயிரத்துக்கு மேல். முதலின் பாதி கழிவதற்கே பத்தரை வருடம் ஆகிறது. யாரோ ஏமாற்றிவிட்டார்கள் என்ற ஆத்திரம் பலருக்கு வருவது இந்த இடத்தில்தான். இதில் கள்ளக்கணக்கு இல்லை, சமதவணைக் கடனின் இயல்பே இது. ஆனால் கையொப்பம் வைப்பதற்கு முன்பே தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கி, ஒவ்வொரு மாதமும் வட்டி எவ்வளவு, முதல் எவ்வளவு என்ற இரு நிரல்களையும் விரல் வைத்துப் பார்த்திருந்தால் அந்த அதிர்ச்சி வந்திராது.

விலையை அதிகம் ஏற்றுவது காலம். அதே 10 இலட்சம், அதே 12 சதவீதம், ஆனால் 25 வருடம் என்றால் தவணை 10,532 ரூபாயாகக் குறையும். மாதம் 1,470 ரூபாய் மிச்சம். மொத்தமாகக் கட்டுவதோ 31 இலட்சத்து 60 ஆயிரம். மாதத்தில் அந்தச் சிறு மிச்சத்துக்காகக் குடும்பம் கூடுதலாகக் கொடுப்பது 10 இலட்சம், அதாவது முதலில் எடுத்த கடன் அளவுக்கே இன்னொரு தொகை. மறுபக்கம், 10 வருடத்தில் முடிப்பதென்றால் தவணை 14,347 ரூபாய், மொத்தம் 17 இலட்சத்து 22 ஆயிரம். காலத்தை நீட்டும்போது தவணை கொஞ்சமே குறைகிறது, வட்டியோ ஏராளமாகக் கூடுகிறது. முடிந்தளவு நீண்ட காலத்துக்குப் போடுங்கள், கட்டுவது சுகம் என்று சொல்லும் ஆலோசனையை இந்தக் கணக்கை வைத்தே எடைபோட வேண்டும்.

வட்டி வீதத்தின் எண்ணும் தனியே நின்று உண்மை சொல்லாது. வங்கி வீட்டுக்கடன் பெரும்பாலும் மீதிக்கு வட்டி போடுகிறது. சில நிதிக் கம்பனிகளும் தனியார் கடன்களும் எடுத்த முழுத்தொகைக்கும் கடைசிவரை வட்டி போடுகின்றன. பிளாட் ரேட் என்பது அதுதான். 10 இலட்சத்தை 12 சதவீத பிளாட் ரேட்டில் 5 வருடத்துக்கு எடுத்தால் வட்டி 6 இலட்சம், மாதத் தவணை 26,667 ரூபாய். முதலின் பெரும்பகுதியைத் திருப்பிக் கொடுத்துவிட்ட நாலாம், ஐந்தாம் வருடத்திலும் முழு 10 இலட்சத்துக்கே வட்டி ஓடுகிறது. மீதிக் கணக்கு முறைக்கு மாற்றிப் பார்த்தால் இது 20 சதவீதத்துக்கும் மேலான வட்டி. ஊரில் நூற்றுக்கு ஐந்து என்று சொல்வது மாத வட்டி; ஆண்டுக்கு அது 60 சதவீதம். ஒரு இலட்சத்துக்கு 20 மாதம் வட்டி கட்டினால் முதலளவு பணம் போய்விடும், முதல் அப்படியே நிற்கும்.

இலங்கையில் வீட்டுக்கடன் எடுத்தவர்கள் மறக்கமுடியாத பாடம் 2022இல் வந்தது. அந்த ஆண்டு ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தியது. வங்கிகள் தமது சிறந்த வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் கடனின் சராசரி வீதம் 2021 இறுதியில் 9 சதவீதத்துக்கும் குறைவாக இருந்தது. 2022 இறுதியில் அது 27 சதவீதத்தைத் தாண்டியிருந்தது. மாறும் வட்டியில் எடுக்கப்பட்ட கடன்கள் பலவும் இந்தச் சராசரி வீதத்தோடு முடிச்சுப் போடப்பட்டவை. மேலே சொன்ன கடனாளி ஐந்து வருடம் கட்டியிருந்த நிலையில் அவர் வட்டி 12இலிருந்து 24 சதவீதமாக ஏறுகிறது என்று கொண்டால், மீதியின் ஒரு மாத வட்டியே 16,730 ரூபாய். அவர் கட்டிவந்த 12,002 ரூபாய் வட்டிக்கே போதாது, மாதாமாதம் கடன் வளரும். குறித்த காலத்தில் முடிக்கவேண்டுமானால் தவணை 18,444 ரூபாயாக வேண்டும்.

முல்லைத்தீவு அடங்கும் வன்னியில் அந்த ஏற்றம் வருமானம் படுத்த நேரத்தில் வந்தது. 2021 மே மாதம் இரசாயன உர இறக்குமதி தடைசெய்யப்பட்டு நெல் விளைச்சல் வீழ்ந்தது. 2022 ஓகஸ்டில் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாயிலிருந்து 340 ரூபாயாகி, வெளியிணைப்பு இயந்திரப் படகில் கடலுக்குப் போவதே நட்டமான தொழிலாயிற்று. 2022 செப்டெம்பரில் பணவீக்கம் ஏறத்தாழ 70 சதவீதத்தைத் தொட்டது. மாறாத வட்டியில் முன்பே கடன் எடுத்து, பழைய விலைக்குச் சீமெந்தும் கம்பியும் வாங்கி முடித்தவர்களுக்கு இந்தப் பணவீக்கம் ஒருவகையில் உதவியது. அவர்கள் திருப்பிக் கொடுத்த ரூபாயின் பெறுமதி குறைந்துபோயிருந்தது. ஆனால் விலைவாசியோடு வருமானமும் ஏறினால்தான் அந்த உதவி கைக்கு வரும். கூலிக்குப் போகிறவர், வலை இழுக்கிறவர், கடனுக்கு விதைத்தவர் ஆகியோருக்கு அது வரவில்லை. 2023 ஜூனிலிருந்து கொள்கை வட்டி படிப்படியாக இறங்கத் தொடங்கியது. அப்படி இறங்கும்போது தவணை தானாகக் குறையுமா, எழுதிக் கேட்கவேண்டுமா என்பது கடன் ஒப்பந்தத்தில் எழுதியிருப்பதைப் பொறுத்தது.

வங்கி வீட்டுக்கடன் இவ்வளவு செலவானது என்றாலும், முல்லைத்தீவில் பலருக்கு அதுவே எட்டாத மலிவுக் கடன். காரணம் காணி. மாவட்டத்தின் குடியேற்றக் காணிகள் பெருமளவு 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் பேர்மிற்றிலோ அளிப்புப் பத்திரத்திலோ கொடுக்கப்பட்டவை. அவற்றை நினைத்தபடி விற்கவோ ஈடு வைக்கவோ முடியாது. பிரதேச செயலாளரின் அனுமதி வேண்டும், ஈடு ஏற்கக்கூடிய நிறுவனங்களும் மட்டுப்பட்டவை. உறுதிக்காணி உள்ளவர்களிலும் பலர் சுனாமியிலும் இடப்பெயர்விலும் உறுதியைத் தொலைத்தவர்கள். வடபகுதித் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமையின் கீழ் வரும் மனைவி தன் பெயரிலுள்ள காணியைக்கூடக் கணவனின் எழுத்துமூலச் சம்மதம் இல்லாமல் ஈடு வைக்க முடியாது என்று 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாணத் திருமண உரிமைகள் கட்டளைச் சட்டம் சொல்கிறது. கணவன் காணாமலாக்கப்பட்ட ஒரு பெண் அந்தச் சம்மதத்துக்குப் பதிலாக மாவட்ட நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். அந்த வழக்குச் செலவும் அலைச்சலும் கடனின் விலைதான். போரில் இத்தனை இழந்த மாவட்டத்தில் இந்தச் சட்டத் தடை இன்னும் நிற்பது அநீதி.

ஈடு வைக்க முடியாதவர் கடனே எடுக்காமல் இருந்துவிடுவதில்லை, கூடிய வட்டிக்கு எடுக்கிறார். வன்னியின் வீட்டுத்திட்டங்களில் இது வெளிப்படையாகத் தெரிந்தது. இந்தியாவின் 50,000 வீட்டுத்திட்டத்தில், 2012 ஒக்டோபரில் தொடங்கிய பெரிய கட்டத்தின்படி, உரிமையாளரே கட்டும் முறையில் ஒரு வீட்டுக்கு 5 இலட்சத்து 50 ஆயிரம் ரூபாய் நன்கொடை. வீடு குறைந்தது 550 சதுர அடி. பணம் கட்டம் கட்டமாக வந்தது. ஒரு கட்ட வேலை முடிந்தால்தான் அடுத்த கட்டப் பணம். ஒரே காலத்தில் ஆயிரக்கணக்கான வீடுகள் எழும்ப மணல், கல், மேசன் கூலி எல்லாம் ஏறின. சுவர் நின்றும் கூரைக்குக் காசில்லாத வீட்டுக்காரர் தாலிக்கொடியை அடகு வைத்தார், நுண்கடன் எடுத்தார், சீட்டைக் கழிவுக்கு எடுத்தார். வரவேற்பறையைக் கொஞ்சம் பெரிதாக்கலாம் என்ற ஆசையும் சில இடங்களில் சேர்ந்தது. இருபது வருடம் தறப்பாளிலும் கொட்டிலிலும் இருந்த குடும்பத்துக்கு அந்த ஆசையைக் குற்றமாகச் சொல்ல முடியாது. நன்கொடையாகக் கிடைத்த வீட்டுக்கும் இப்படி ஒரு வட்டிக்கணக்கு வந்து சேர்ந்தது. கிழமைக்குக் கிழமை வீட்டுப் படலையில் வந்து நிற்கும் நுண்கடன் வசூல் பெண்களை எந்த அளவுக்கு நசுக்கியது என்பதை அரசு ஒப்புக்கொண்டது 2018இல். வரட்சி பாதித்த மாவட்டங்களில் பெண்களின் ஒரு இலட்சம் ரூபாய் வரையான நுண்கடன்களைத் தள்ளுபடி செய்யும் திட்டம் அவ்வாண்டு அறிவிக்கப்பட்டது. வட்டிக்கு 35 சதவீத உச்சவரம்பும் சொல்லப்பட்டது. ஆகவே ஒரு வீட்டின் கடன் விலையைக் கூட்டும்போது பெரிய கடனோடு, அந்தக் கடனின் இடைவெளிகளை நிரப்ப எடுத்த சிறு கடன்களையும் சேர்த்தே கூட்டவேண்டும். பெரும்பாலும் வட்டி கூடியவை இந்தச் சிறு கடன்களே.

தவணைக்கு வெளியேயும் செலவுகள் உண்டு. காணி மதிப்பீட்டுக் கட்டணம், காணிப் பதிவகத்தில் உறுதியைத் தேடிப் பார்க்கும் கட்டணம், ஈட்டு உறுதி எழுதும் நொத்தாரிசுக் கட்டணம், முத்திரைத் தீர்வை, பிரதேச சபையில் வீட்டு வரைபட அனுமதி ஆகியவை கடன் கைக்கு வருமுன் போகும் பணம். கடனாளி இறந்தால் மீதியை அடைக்கும் ஆயுள் காப்புறுதியும் தீக் காப்புறுதியும் சேரும். காப்புறுதிக் கட்டணத்தைக் கடனோடேயே சேர்த்துவிட்டால் அதற்கும் 15 வருடம் வட்டி ஓடும். 2020இல் கொவிட் காலத்தில் கொடுக்கப்பட்ட தவணைச் சலுகை போன்றவற்றையும் கவனமாகப் படிக்கவேண்டும். 12 சதவீத வட்டியில் 10 இலட்சத்துக்கு ஆறு மாதம் கட்டாமல் விட்டு, அந்த வட்டியை முதலோடு சேர்த்தால் கடன் 10 இலட்சத்து 61 ஆயிரமாகிவிடும்.

வன்னியின் வருமானம் மாதக் கணக்கில் வருவதில்லை. முத்தையன்கட்டு, தண்ணிமுறிப்பு, வவுனிக்குளம் ஆகிய குளங்களை நம்பிய விவசாயிக்குக் காலபோக அறுவடைக்குப்பின் ஒருமுறையும், தண்ணீர் இருந்தால் சிறுபோகத்தில் இன்னொருமுறையும் பணம் வரும். மாதத் தவணை அவருக்குப் பொருந்தாத சட்டை. பிந்தினால் தண்ட வட்டி. ஆனால் அதே போகப் பணத்தால் கடனின் விலையை வெட்டவும் முடியும். 15 வருடக் கடனில் முதல் வருட முடிவில் ஒரு இலட்சம் ரூபாயை முதலுக்குக் கட்டி, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் கடன் மூன்று வருடம் முந்தி முடியும். மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ 3 இலட்சத்து 40 ஆயிரம். மாதச் சம்பளக்காரர் தவணையோடு 1,000 ரூபாய் கூடக் கட்டிவந்தால் இரண்டே முக்கால் வருடம் அளவு முந்தி முடித்து, 2 இலட்சத்து 40 ஆயிரத்துக்கு மேல் மிச்சப்படுத்தலாம். கடனின் தொடக்க வருடங்களில் கட்டும் கூடுதல் பணத்துக்கே இந்த வலு. கடைசி வருடங்களில் கட்டினால் மிச்சம் மிகக் குறைவு. இடைநடுவில் கட்ட அனுமதி உண்டா, அதற்குத் தண்டம் எவ்வளவு, கட்டிய பணத்தை முதலில்தான் கழிக்கிறார்களா, முற்பணத் தவணையாக வைத்துக்கொள்கிறார்களா என்பவற்றைக் கேட்டு, எழுத்தில் வாங்கிவைக்க வேண்டும். இவ்வளவு பெரிய வித்தியாசம் தரும் விடயத்தைக் கடன் அதிகாரி தாமாகச் சொல்லும்வரை காத்திருக்கக் கூடாது.

கட்ட முடியாமல் போனால் என்ன ஆகும் என்பதும் விலையின் பகுதி. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம், பராட்டே சட்டம் என்று அறியப்படுவது, வழக்குப் போடாமலே ஈட்டுச் சொத்தை ஏலத்தில் விடும் அதிகாரத்தை வங்கிகளுக்குக் கொடுக்கிறது. சிறு கடனாளிகளைக் காக்க, பின்னர் வந்த திருத்தம் 50 இலட்சத்துக்குக் குறைந்த மூலக் கடன்களுக்கு அந்த வழியை மூடியது. ஆனால் நீதிமன்றம் போய் அறவிடும் வழி திறந்தே இருக்கிறது, அந்த வழக்குச் செலவும் கடனாளி தலையில்தான் விழும். தவணை இரண்டு மூன்று நின்றவுடன் வங்கிக்குப் போய் மறுசீரமைப்புக் கேட்பவருக்குக் கிடைக்கும் இடம், கடிதங்களைத் திறக்காமல் வைத்திருப்பவருக்குக் கிடைக்காது.

கடைசித் தவணையோடும் செலவு முடிவதில்லை. வங்கி ஈட்டை விடுவித்து உறுதி எழுதவேண்டும்; அது காணிப் பதிவகத்தில் பதியப்படவேண்டும்; இரண்டுக்கும் கட்டணம் உண்டு. கடன் அடைந்துவிட்டதே என்று இதை விட்டுவிடும் குடும்பங்கள் இருக்கின்றன. பதிவேட்டில் ஈடு நிற்கும்வரை அந்தக் காணிக்கு மேல் இன்னொரு கடன் எடுக்கவோ, அதை விற்கவோ, மகளுக்குச் சீதன உறுதி எழுதவோ போகும்போது பழைய கடன் வந்து குறுக்கே நிற்கும். மூல உறுதி, விடுவித்த உறுதி, கடன் முடிந்ததற்கான வங்கிக் கடிதம் ஆகிய மூன்றும் கைக்கு வந்து, பதிவகத்துப் பிரதியில் ஈடு நீங்கியிருப்பதைப் பார்த்த நாளில்தான் கணக்கு முடிகிறது.